இருநூற்று ஐம்பத்தாறாவது சென்டிமீட்டர்

சிங்கவரத்தில் எங்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தால் ரங்கநாதர் குன்று எதிரே நிற்கும். படியேறிப் போனால் பல்லவர் காலக் குடைவரைக்குள் பெருமாள் பள்ளிகொண்டிருக்கிறார். வேறு எங்கோ செதுக்கி உள்ளே கொண்டுவந்து வைத்த சிலையல்ல அது. பாறையைக் குடையும்போதே அவருக்கான கல்லை அங்கேயே விட்டுவைத்துச் செதுக்கியிருக்கிறார்கள். ஓர் உளி தவறியிருந்தால் வேறு கல் எடுத்துக்கொள்ள வழியில்லை. எவ்வளவு கல்லை விட வேண்டும், எதுவரை குடையலாம் என்பதை முதல் அடி விழுவதற்கு முன்பே முடிவுசெய்தவர்கள் அவர்கள்.

போன கோடையில் அந்தத் திண்ணையில்தான் அண்ணன் மகள் லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். விமானக் கருவிகளுக்கு மென்பொருள் எழுதும் பெங்களூர் நிறுவனம் ஒன்றில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. சேர்வதற்குள் ‘ஏடா’ என்ற நிரல்மொழியைப் படித்துக்கொண்டு வரச் சொல்லியிருந்தார்கள். கல்லூரியில் சி படித்தவள், பைத்தானில் ப்ராஜெக்ட் செய்தவள். ஒரு மணி நேரமாக அவளால் இருபது வரியைக்கூடக் கம்பைல் செய்ய முடியவில்லை.

“என்ன சித்தப்பா இது, மூணு வரி எழுதினா நாலு எரர் காட்டுது. முழு எண்ணோட தசம எண்ணைக் கூட்டக்கூட விட மாட்டேங்குது. சி-ல இதெல்லாம் அதுவே பார்த்துக்கும்.”

அதுவே பார்த்துக்கொள்ளும் என்று நானும் ஒரு காலத்தில் நம்பியிருந்தேன். அதனால் நடந்ததை அதுவரை வீட்டில் யாரிடமும் சொன்னதில்லை. அன்று அவளிடம் சொன்னேன்.

இருபது ஆண்டுகளுக்கு முன் ஒரு சிறிய நிறுவனத்தில் நிரல் எழுதிக்கொண்டிருந்தேன். மேல்நிலைத் தொட்டி நிரம்பியதும் மோட்டாரைத் தானாக நிறுத்தும் பெட்டி ஒன்றைச் செய்தோம். தொட்டிக்குள் இருக்கும் சென்சார் நீர்மட்டத்தைச் சென்டிமீட்டரில் சொல்லும். அந்த எண்ணை நான் ஒரே ஒரு பைட்டில் சேமித்தேன். ஒரு பைட்டில் 0 முதல் 255 வரைதான் இடம் உண்டு. 256 வந்தால் மீண்டும் 0 ஆகிவிடும். எனக்கு அது தெரியாமல் இல்லை. எங்கள் தொட்டிகள் 2 மீட்டர் உயரம், மோட்டார் நிற்க வேண்டிய மட்டம் 180 சென்டிமீட்டர். 255-ஐ அது எங்கே தொடப்போகிறது என்று இருந்துவிட்டேன். பல ஊர்களில் இரண்டு ஆண்டுகள் அந்தப் பெட்டி ஒழுங்காக ஓடியது.

பிறகு ஓர் ஊரில் 3 மீட்டர் தொட்டி கட்டினார்கள். அதே பெட்டியை மாட்டி, நிறுத்த வேண்டிய மட்டத்தை மட்டும் 280 என்று மாற்றினார்கள். நிரலை யாரும் தொடவில்லை. இரவில் தண்ணீர் 255 வரை ஏறியது. அடுத்த சென்டிமீட்டரில் பெட்டியின் கணக்குப்படி தொட்டி காலி. மோட்டார் ஓடிக்கொண்டே இருந்தது. 280 என்ற எண் அந்தப் பைட்டில் எந்தக் காலத்திலும் வராது. தொட்டி விடிய விடிய வழிந்தது. சித்திரை மாதம். விடிவதற்குள் போர் தண்ணீர் இறங்கிவிட, மோட்டார் தண்ணீரில்லாமல் ஓடி காயில் எரிந்துபோனது. நான்காம் நாள் நான் போனபோது தொட்டியடியில் மண் இன்னும் சேறாக இருந்தது. அந்தச் சேற்றைத் தாண்டித்தான் பெண்கள் குடத்தோடு வயல் பம்புசெட்டுக்கு நடந்துகொண்டிருந்தார்கள்.

“2 மீட்டர் தொட்டிக்கு அந்த நிரல்ல ஒரு வரிகூடத் தப்பில்லை” என்றேன். அவள் பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

நீர்மட்டம் 200-ஐத் தாண்டாது என்ற செய்தி என் தலையில் இருந்தது, நிரலில் எங்கும் இல்லை. பெட்டி என்னை விட்டு வேறு ஊருக்குப் போனபோது அந்தச் செய்தி கூடப் போகவில்லை. ஏடாவில் எழுதியிருந்தால் என் முதல் வரியே இதுவாகத்தான் இருந்திருக்கும்:

டைப் நீர்மட்டம் ஈஸ் ரேஞ்ச் 0 .. 200;

நீர்மட்டம் என்று ஒரு வகை உண்டு, அது 0-க்கும் 200-க்கும் இடையில்தான் இருக்கும் என்று பொருள். வயலை உழுவதற்கு முன் எல்லைக்கல் நடுகிற மாதிரி. அதன் பிறகு நீர்மட்டம் என்று அறிவித்த எதற்குள்ளும் 201 நுழைய முடியாது. நுழையப் பார்த்தால் அந்த வரியிலேயே நிரல் நின்று, ‘கன்ஸ்ட்ரெயின்ட் எரர்’ என்று கூப்பாடு போடும். 255-க்குப் பின் சத்தமில்லாமல் 0-க்குப் போவது நடக்கவே நடக்காது. நிறுத்த வேண்டிய மட்டத்தையும் இதே வகையில் அறிவித்திருந்தால், ஒருவர் 280 என்று மாற்றிய நொடியே பெட்டி மறுத்திருக்கும். பட்டப்பகலில், மாற்றிய ஆள் பக்கத்தில் நிற்கும்போதே மறுத்திருக்கும். நள்ளிரவு வரை போயிருக்காது.

முழு எண்ணையும் தசம எண்ணையும் கூட்ட விடாததற்கும் இதுதான் காரணம். எண் என்பதற்காக எதையும் எதோடும் சேர்க்க ஏடா சம்மதிக்காது. செஞ்சி ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்கு நெல் போடப் போகிற எங்கள் ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதே இல்லை. நெல் மூட்டை 75 கிலோ, சிமென்ட் மூட்டை 50, யூரியா மூட்டை 45. மூன்றும் மூட்டைதான் என்று சேர்த்து எண்ணி யாராவது லாரி வாடகை பேசுவார்களா? ஆனால் கணிப்பொறிக்குள் போனதும் எல்லாம் வெறும் எண்ணாகிவிடுகிறது. 1999-இல் செவ்வாயை நெருங்கிய நாசாவின் ‘மார்ஸ் கிளைமேட் ஆர்பிட்டர்’ அப்படித்தான் தொலைந்தது. தரையில் இருந்த மென்பொருள் ஒன்று உந்துதலைப் பவுண்டுக் கணக்கில் தந்தது. வாங்கிக்கொண்ட மென்பொருள் அதை நியூட்டன் கணக்கு என்று எடுத்துக்கொண்டது. ஏடாவில் பவுண்டை ஒரு வகையாகவும் நியூட்டனை இன்னொரு வகையாகவும் அறிவித்துவிட்டால், ஒன்றை இன்னொன்றின் இடத்தில் வைக்கும் வரி ஒரே நிரலுக்குள் கம்பைலே ஆகாது.

இந்த மொழி எங்கிருந்து வந்தது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1970-களில் அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் கருவிகளுக்குள் 450-க்கும் மேற்பட்ட நிரல்மொழிகள் ஓடிக்கொண்டிருந்தன. ஒருவர் எழுதியது அடுத்தவருக்குப் புரியாத நிலை. 1975-இல் ஒரு குழு அமைத்து, புதிய மொழிக்கு என்ன குணங்கள் வேண்டும் என்று எழுதத் தொடங்கினார்கள். அந்த ஆவணங்களுக்கு வைக்கோல் மனிதன், மர மனிதன், தகர மனிதன், இரும்பு மனிதன் என்று ஒன்றைவிட ஒன்று உறுதியான பெயர்கள். கடைசியாக 1978-இல் எஃகு மனிதன். நான்கு அணிகள் போட்டியிட்டன. யாருடையது எது என்று தெரியாதபடி மொழிகளுக்கு நிறங்களைப் பெயராக வைத்தார்கள். 1979-இல் பச்சை வென்றது. ஜான் இக்பியா என்பவர் தலைமையிலான பிரெஞ்சு அணியின் மொழி அது. உலகின் முதல் நிரலாளர் என்று போற்றப்படும் ஏடா லவ்லேஸின் பெயரை அதற்குச் சூட்டினார்கள். மொழியின் ராணுவத் தர எண் 1815, அவர் பிறந்த ஆண்டு. தரத்துக்கு ஒப்புதல் கிடைத்த 1980 டிசம்பர் 10 அவருடைய பிறந்தநாள்.

அந்த வடிவமைப்பாளர்கள் எடுத்த ஒரு முடிவை நான் பெரிதாக மதிக்கிறேன். எழுதுவது எளிதாக இருப்பதைவிடப் படிப்பது எளிதாக இருக்க வேண்டும் என்று அவர்கள் தீர்மானித்தார்கள். விமானத்தின் நிரலை ஒருவர் ஒரு முறை எழுதுகிறார். அதை முப்பது நாற்பது ஆண்டுகள் பலர் படிக்கிறார்கள். அதனால்தான் ஏடாவில் சுருக்கக் குறிகள் குறைவு, சொற்கள் அதிகம். சி-யில் ஒப்பிடுவதற்கு இரண்டு சமக்குறி, மதிப்பைக் கொடுப்பதற்கு ஒரு சமக்குறி. ‘இருந்தால்’ என்ற நிபந்தனைக்குள் ஒரு குறி விடுபட்டால் கேள்வி கட்டளையாகிவிடும், கம்பைலரும் ஏற்றுக்கொள்ளும். இந்த ஒரு பிழையைத் தேடி இரவெல்லாம் கண்விழிக்காத சி நிரலாளர் இருக்க மாட்டார். ஏடாவில் இரண்டுக்கும் வேறு வேறு குறி. இடம் மாற்றிப் போட்டால் அங்கேயே நிறுத்திவிடும்.

2005 பதிப்பிலிருந்து பெயர்களை யூனிகோட் எழுத்துகளில் வைக்க முடிகிறது. அண்ணன் மகள் முதலில் ஆங்கிலத்தில்தான் எழுதிக்கொண்டிருந்தாள். நீர்மட்டம் என்றே எழுதிப் பார் என்றேன். எழுதினாள், கம்பைல் ஆனது. எங்கள் ஊருக்குப் பக்கத்தில் திருநாதர்குன்று இருக்கிறது. பாறையில் இருபத்து நான்கு தீர்த்தங்கரர்கள். 57 நாள் உண்ணாநோன்பிருந்து உயிர்நீத்த சந்திரநந்தி ஆசிரியரைப் பற்றிய கல்வெட்டும் அங்கே உண்டு. ‘ஐ’ என்ற உயிரெழுத்து மிகப் பழமையாகக் கிடைக்கும் கல்வெட்டு அது. ஐம்பத்தேழு என்ற எண்ணைச் சொல்லப்போய்த்தான் அந்த எழுத்து கல்லில் ஏறியிருக்கிறது. அதன் அருகே பிறந்த பெண்ணின் கணிப்பொறித் திரையில், ராக்கெட் ஓட்டும் மொழிக்குள் தமிழ் எழுத்து நின்றதைப் பார்க்க எனக்கு மனம் நிறைந்தது.

ராக்கெட் ஓட்டும் மொழி என்று பேச்சுக்காகச் சொல்லவில்லை. இஸ்ரோவின் ஏவுகலங்களில் 2009 முதல் ‘விக்ரம் 1601’ என்ற 16-பிட் செயலி பணிபுரிகிறது. அதற்கு அடுத்து வந்தது 32-பிட் ‘விக்ரம் 3201’. திருவனந்தபுரம் விக்ரம் சாராபாய் விண்வெளி மையமும் சண்டிகர் செமிகண்டக்டர் ஆய்வகமும் சேர்ந்து உருவாக்கியவை இவை. 3201-இன் முதல் தொகுதி 2025 மார்ச் 5 அன்று குமரி மாவட்டத்துக்காரரான இஸ்ரோ தலைவர் வி. நாராயணனிடம் ஒப்படைக்கப்பட்டது. அதற்கு முன்பே, 2024 டிசம்பர் 30 இரவு ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து கிளம்பிய பி.எஸ்.எல்.வி. சி-60 பயணத்தில் அது விண்வெளியில் சோதிக்கப்பட்டிருந்தது. இந்தச் செயலி ஏடா நிரல்களை ஓட்டுவதற்கு ஏற்ப வடிவமைக்கப்பட்டது. ஏடா கம்பைலர் உட்பட அதற்கான கருவிகளை இஸ்ரோவே எழுதிக்கொண்டது.

இதற்கும் முன்னால் தேஜஸ் போர்விமானம். இயல்பாகவே நிலைகொள்ளாத உடலமைப்பு அதற்கு. சட்டெனத் திரும்ப வேண்டும் என்பதற்காகத் தெரிந்தே அப்படி வடிவமைத்தார்கள். கணிப்பொறி ஓயாமல் இறக்கைப் பரப்புகளைத் திருத்திக்கொண்டே இருந்தால்தான் அது பறக்கும். அந்தக் கட்டுப்பாட்டு மென்பொருள் ஏடாவில் எழுதப்பட்டது. 1998 பொக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு அமெரிக்கா தடை விதித்ததும், அங்கே கூட்டாக வேலை செய்துகொண்டிருந்த நம் பொறியாளர்கள் திரும்பி வர வேண்டியதாயிற்று. மீதியைப் பெங்களூரிலேயே முடித்தார்கள். 2001 ஜனவரி 4 அன்று விங் கமாண்டர் ராஜீவ் கோத்தியால் அதை முதன்முறையாக ஓட்டினார்.

தேஜஸில் கட்டுப்பாட்டுக்கு நான்கு இணைத் தடங்கள் உண்டு. ஒன்று பழுதானால் மற்றவை பார்த்துக்கொள்ளும். கம்பி அறுந்தாலோ சிப் சூடாகி நின்றாலோ இந்த ஏற்பாடு காப்பாற்றும். நிரலில் பிழை இருந்தால்? தவறான கணக்கை நான்கு பிள்ளைகளுக்கும் எழுதிக்கொடுத்தால் நான்கு பேரும் ஒரே தவறான விடையைத்தான் சொல்வார்கள். அங்கே நிரல் சரியாக இருப்பதைத் தவிர வேறு பாதுகாப்பு இல்லை.

இதைக் கேட்டதும் அவள் கேள்வி சரியான இடத்துக்கு வந்தது. “அப்படின்னா ஏடால எழுதிட்டா பயமில்லையா?”

அப்படியில்லை. அதற்கு ஏரியான் 5-இன் கதையைச் சொல்ல வேண்டும். என் தொட்டிக் கதைதான் அது, இன்னும் பெரிய அளவில்.

1996 ஜூன் 4. தென்னமெரிக்காவின் பிரெஞ்சு கயானாவிலிருந்து ஐரோப்பாவின் புதிய ராக்கெட் ஏரியான் 5 முதன்முறையாகக் கிளம்பியது. உள்ளே பூமியின் காந்தப்புலத்தை ஆராய நான்கு கிளஸ்டர் செயற்கைக்கோள்கள். ராக்கெட் எங்கே இருக்கிறது, எப்படிச் சாய்ந்திருக்கிறது என்று சொல்லும் கருவியின் நிரல் ஏடாவில் எழுதப்பட்டது. ஏரியான் 4-இல் பல முறை வெற்றிகரமாகப் பறந்த நிரல் என்பதால் அதை அப்படியே எடுத்து வைத்திருந்தார்கள்.

அதில் ஒரு வரி, கிடைமட்ட வேகத்தோடு தொடர்புடைய 64-பிட் தசம எண் ஒன்றை 16-பிட் முழு எண்ணாக மாற்றியது. எதிர்ம எண்களுக்கும் இடம் விட்ட 16 பிட்டில் 32,767 வரைதான் கொள்ளும். ஏரியான் 4-இன் பாதையில் அந்த அளவை எட்டவே முடியாது. ஏரியான் 5 தொடக்கத்திலேயே கிடைமட்டமாக மிக வேகமாகப் போன வண்டி. கிளம்பி ஏறத்தாழ 30-ஆம் நொடியில் எண் எல்லையைத் தாண்டியது. 2 மீட்டர் தொட்டிக்கு எழுதிய நிரல் 3 மீட்டர் தொட்டியில்.

இங்கே நிரல் சத்தமில்லாமல் 0-க்குப் போகவில்லை. பிழை என்று எழுப்பிக் காட்டத்தான் செய்தது. அப்படி மாற்றப்படும் ஏழு எண்களில் நான்குக்குத் தற்காப்பு வரிகள் இருந்தன. கணிப்பொறியின் சுமை 80 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்ற கட்டுப்பாட்டுக்காக மற்ற மூன்றைக் காப்பின்றி விட்டிருந்தார்கள், அவை எல்லைக்குள்தான் இருக்கும் என்ற கணக்கில். இது அந்த மூன்றில் ஒன்று. காப்பில்லாத பிழை எழும்பினால் என்ன செய்வது? கருவி தன்னை நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பதே விதி. பிழை என்றால் அது வன்பொருள் பழுதாகத்தான் இருக்கும், ஒன்று நின்றால் மாற்றுக் கருவி எடுத்துக்கொள்ளும் என்று எண்ணி வகுத்த விதி. மாற்றுக் கருவியிலும் அதே நிரல்தான். அது முந்தைய 72 மில்லி நொடிச் சுற்றிலேயே அதே காரணத்தால் நின்றுபோயிருந்தது.

நின்ற கருவி கடைசியாக அனுப்பிய பழுதுக் குறிப்பை முதன்மைக் கணிப்பொறி பறக்கும் தகவல் என்று படித்தது. இல்லாத சாய்வைத் திருத்த முனைகுழாய்களை முழுக்கத் திருப்பியது. ராக்கெட் காற்றில் குறுக்கே திரும்பி உடைந்து, தன்னைத்தானே வெடித்து அழித்துக்கொண்டது. என் மனதை இன்றும் பிசையும் செய்தி ஒன்று உண்டு: அந்தக் கணக்கே அப்போது தேவையில்லை. கிளம்புவதற்கு முன் கருவியை நேர்ப்படுத்துவதற்கான கணக்கு அது. கவுன்ட்டவுன் கடைசி நேரத்தில் நின்றால் விரைவாக மீண்டும் தொடங்க வசதியாக, கிளம்பிய பிறகும் 40 நொடி ஓடும்படி பழைய ராக்கெட்டுக்காக விட்டுவைத்திருந்தார்கள். புதிய ராக்கெட்டுக்கு அந்தத் தேவையே இல்லை.

ஏடா தன் வேலையைச் செய்தது. எல்லை மீறிய இடத்தில் நிறுத்தி, இப்போது என்ன செய்யட்டும் என்று கேட்டது. அந்தக் கேள்விக்கு மனிதர்கள் எழுதிவைத்திருந்த பதில்தான் ராக்கெட்டை வீழ்த்தியது. இதற்குப் பின் வலுப்பெற்ற வழிகளில் ‘ஸ்பார்க்’ முக்கியமானது. ஏடாவின் ஒரு பகுதியை மட்டும் எடுத்துக்கொண்டு, இப்படி ஒரு பிழை எழவே முடியாது என்று நிரல் ஓடும் முன்பே கணிதமுறையில் நிறுவிக்காட்டும் ஏற்பாடு அது. நிறுவுவதற்கும் முதலில் எல்லையைச் சொல்லியாக வேண்டும். தொட்டி எத்தனை மீட்டர் என்பதை எந்தக் கணிதமும் தானாகக் கண்டுபிடிக்காது.

அவள் என் பழைய பெட்டியின் நிரலை ஏடாவில் எழுதிப் பார்க்கிறேன் என்றாள். அதற்கான கம்பைலர் ஜி.சி.சி. தொகுப்பிலேயே இலவசமாகக் கிடைக்கிறது, லேப்டாப் இருந்தால் போதும். சென்சார் தருவது வெறும் எண். அதை நீர்மட்டமாக மாற்றும் வரியில் சோதனை நடக்கும்படி எழுதினாள். வேண்டுமென்றே 256 கொடுத்தாள். நிரல் அந்த வரியைச் சுட்டிக்காட்டி நின்றது. இருபது ஆண்டு கழித்து அதைப் பார்க்கிறேன். ஒரு வரி எண், பக்கத்தில் பிழையின் பெயர், அவ்வளவுதான்.

பிழை எழுந்தால் செய்ய வேண்டியதை எழுதும் பகுதிக்கு வந்ததும் அவள் விரல் நின்றது. “மோட்டாரை நிறுத்திடலாமா சித்தப்பா? சென்சார் கெட்டுப்போயி தப்பா 256 சொல்லியிருந்தா? ஊருக்கே தண்ணி ஏறாம போயிடுமே.”

எனக்கும் பதில் தெரியவில்லை. அந்த இடத்தைக் காலியாக விட்டு, ‘டேங்க் ஆபரேட்டரைக் கேட்க வேண்டும்’ என்று தமிழில் ஒரு குறிப்பு எழுதிவைத்தாள். மறுநாள் காலை இருவரும் தொட்டியடிக்குப் போனோம். ஆபரேட்டர் வால்வைத் திருப்பிக்கொண்டே நாங்கள் சொன்னதைக் கேட்டார். முதலில் சிரித்தார், பிறகு யோசித்தார்.

“நிறுத்திடட்டும் பாப்பா. ஓடுறதைவிட நிக்கிறது மேல். ஆனா நிறுத்திட்டு கம்முனு இருந்தா எனக்கு எப்படித் தெரியும்? எனக்கு ஒரு போன் வரட்டும், நான் மேல ஏறிக் கண்ணால பார்த்துட்டு கையால போட்டுக்கிறேன். கையால போடுறதுக்கு ஒரு சுவிட்ச் மட்டும் விட்டு வை.” கொஞ்ச தூரம் வந்த பிறகு பின்னாலிருந்து கூப்பிட்டார். “மல்லாட்டை பிடுங்குற நாள்ல கொல்லையில இருப்பேன், சத்தம் கேக்காது. எடுக்கலைன்னா மறுபடி அடிக்கச் சொல்லு.”

அவள் நின்று, போனில் அதையும் குறித்துக்கொண்டாள்.